விபத்து நஷ்டஈடு: விவசாயிகளிடையே உள்ள தவறான எண்ணங்கள்

பூந்தமல்லி, ஆவடி, அம்பத்தூர் சுற்று வட்டாரங்களில் கீரை, காய்கறி பயிரிடுவோர் பொழுது விடியுமுன் கோயம்பேடு மார்க்கெட்டுக்குப் புறப்பட்டாக வேண்டும். பெங்களூர் நெடுஞ்சாலை, திருவள்ளூர் நெடுஞ்சாலை, வண்டலூர் - மீஞ்சூர் வெளிவட்டச் சாலை ஆகியவற்றில் அந்நேரத்தில் கனரக லாரிகள் வேகமாக ஓடுகின்றன. விபத்தில் கை, கால் முறிந்தால் அந்தப் போகமும் கைவிட்டுப் போகிறது. நஷ்டஈடு கேட்கச் சட்டம் இடம் தருகிறது. ஆயினும் சில தவறான எண்ணங்களால் பலர் கேட்காமலே விட்டுவிடுகின்றனர்.

சம்பளச் சீட்டு இல்லை என்ற பயம்

மாதச் சம்பளக்காரருக்கு மட்டுமே நஷ்டஈடு என்பது தவறு. விபத்தில் காலை இழந்த ஒரு காய்கறி வியாபாரியின் வழக்கில், வருமானச் சான்று இல்லாதபோதும் அவருடைய மாத வருமானம் ரூ.6,500 என சுப்ரீம் கோர்ட் 2014ல் ஏற்றுக் கொண்டது. எனினும் சிட்டா, அடங்கல், மண்டிச் சீட்டு, பாங்க் பாஸ் புத்தகம் ஆகியவை இருந்தால் வழக்கு வலுப்படும்.

தன் மீதும் தவறு உண்டு என்ற தயக்கம்

அடிபட்டவரிடமும் கவனக்குறைவு இருந்தால் அந்த அளவுக்குத் தொகை குறையுமே தவிர, உரிமை அடியோடு போய்விடாது. உதாரணமாக, நஷ்டம் ரூ.4 லட்சம், அவர் தவறு கால் பங்கு என்றால் ரூ.3 லட்சம் கிடைக்கும். இது தவிர, யார் மீது தவறு என்று நிரூபிக்காமலே மரணத்திற்கு ரூ.5 லட்சமும், கொடுங்காயத்திற்கு ரூ.2.5 லட்சமும் பெற மோட்டார் வாகனச் சட்டத்தின் 164வது பிரிவு வழி செய்கிறது. ஆனால் இதை ஏற்றுக் கொண்டபின் கூடுதல் தொகைக்கான மனு நிற்காது. ஆகவே யோசித்து முடிவு செய்வது நல்லது.

லோடு வண்டியில் ஏறிய எல்லாருக்கும் இன்ஷ்யூரன்ஸ் உண்டா?

இல்லை. 1994ல் செய்யப்பட்ட திருத்தத்தின்படி, சரக்கு வண்டியில் தன் சரக்குடன் செல்லும் உரிமையாளருக்கும் அவருடைய பிரதிநிதிக்கும் பாதுகாப்பு உண்டு. அவரும் முன்புறக் கேபினில்தான் உட்கார வேண்டும். மூட்டைகளின் மேல் அமர்ந்து செல்வோர், காசு கொடுத்து ஏறுவோர், டிராக்டர் டிரெய்லரில் செல்வோர் ஆகியோருக்கு இன்ஷ்யூரன்ஸ் கம்பெனி பணம் தர மறுக்கலாம்.

மோதிய வண்டி ஓடிவிட்டால்

வண்டி எது என்று தெரியாவிட்டாலும் அரசுத் திட்டத்தின் கீழ் மரணத்திற்கு ரூ.2 லட்சமும், கொடுங்காயத்திற்கு ரூ.50 ஆயிரமும் உண்டு. 2022 ஏப்ரல் முதல் இத்தொகை நடைமுறையில் உள்ளது. வருவாய்த் துறை விசாரணை அதிகாரியிடம் மனுச் செய்ய வேண்டும்.

போலீஸ் வழக்கு முடியட்டும் என்று காத்திருத்தல்

குற்ற வழக்கு வேறு, நஷ்டஈட்டு மனு வேறு. விபத்து நடந்த 6 மாதங்களுக்குள் மனுத் தாக்கல் செய்ய வேண்டுமெனச் சட்டம் கூறுவதால், காத்திருப்பது ஆபத்து. விபத்து எங்கு நடந்திருந்தாலும், தாம் வசிக்கும் பகுதிக்குரிய நஷ்டஈட்டுத் தீர்ப்பாயத்திலேயே மனுக் கொடுக்கலாம்.

செய்ய வேண்டியவை

108க்குச் சொல்லி, முதலில் காயமடைந்தவரை ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டும். அது சாலை விபத்து என்று அங்கே பதிவாகிறதா எனப் பார்க்க வேண்டும். போலீசில் புகார் கொடுத்து, முதல் தகவல் அறிக்கையின் நகலைப் பெற வேண்டும். மருந்து ரசீதுகளை ஒன்றுவிடாமல் பத்திரப்படுத்த வேண்டும். வெற்றுத்தாளில் கையெழுத்து, கைநாட்டு எதுவும் வைக்கக் கூடாது. பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், குறைந்த வருமானமுள்ளோர் கோர்ட் வளாகத்திலுள்ள சட்ட உதவி மையத்தில் இலவசமாக வக்கீல் உதவி பெறலாம்.

மார்க்கெட்டிலிருந்து திரும்பியதும் மண்டிச் சீட்டைக் கசக்கி எறியும் பழக்கம் பலரிடம் உண்டு. அதை ஒரு கம்பியில் குத்தி வைப்பது நல்லது. வருமானத்திற்கு அதுவே சாட்சி.