‘அனிகட்’ : ஆங்கிலம் சென்ற ஒரு தமிழ்ச்சொல்லின் பொருள் வரலாறு – தாமிரபரணி அணைக்கட்டுகளை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

சென்னை மாகாண ஆட்சி ஆவணங்களிலும் நீர்ப்பாசனப் பொறியியல் நூல்களிலும் பெருவழக்காக இருந்து, இன்று பொது ஆங்கிலத்தில் வழக்கொழிந்த சொற்களுள் ‘அனிகட்’ என்பதும் ஒன்று. இது ‘அணைக்கட்டு’ என்னும் தமிழ்த்தொகையின் ஆங்கில வடிவமாகும். இச்சொல்லின் ஒலித்திரிபு, தொகையமைப்பு, பொருள் வளர்ச்சி ஆகியவற்றை ஆராயும் இக்கட்டுரை, தாமிரபரணி ஆற்றின் எட்டு அணைக்கட்டுகளைச் சான்றுக்களமாகக் கொள்கிறது. தேக்கும் அணைக்கும் திருப்பும் அணைக்கட்டுக்கும் இடையே உள்ள வேறுபாட்டை ஆங்கில வடிவம் காத்து நின்றது என்பதும், தற்காலத் தமிழ் வழக்கில் அவ்வேறுபாடு மங்கிவருகிறது என்பதும், ஆங்கில ஆவணங்களைத் தமிழாக்குவோர் இதனைக் கருத்திற்கொள்ள வேண்டும் என்பதும் இதன் முடிபுகள்.

திறவுச்சொற்கள்: அணைக்கட்டு, அனிகட், கடன்சொல், பொருள் மாற்றம், தாமிரபரணி, நீர்ப்பாசனக் கலைச்சொற்கள்.

முன்னுரை

தமிழிலிருந்து ஆங்கிலம் ஏற்ற சொற்கள் பற்றிய ஆய்வுகள் பெரும்பாலும் கட்டுமரம், சுருட்டு, மிளகுதண்ணீர் போன்ற சில சொற்களைச் சுற்றியே அமைகின்றன. இவை வணிகத்தின் வழியாகவும் அன்றாட வாழ்வின் வழியாகவும் சென்றவை. ‘அனிகட்’ அவ்வாறு சென்றதன்று. ஒரு தொழில்நுட்பத்தின் பெயராக, அத்தொழில்நுட்பத்தோடு சேர்த்தே ஆங்கிலேயர் ஏற்றுக்கொண்ட சொல் இது. எனவே இதன் வரலாறு சொல் வரலாறாக மட்டும் நின்றுவிடுவதில்லை; ஆற்றுநீரைக் கையாண்ட அறிவின் வரலாறாகவும் அமைகிறது.

அகராதிச் சான்று

ஆங்கிலோ-இந்தியச் சொற்களைத் தொகுத்த ‘ஹாப்சன்-ஜாப்சன்’ என்னும் அகராதி 1886இல் வெளிவந்தது. அதன் ஆசிரியர்கள் ஹென்றி யூல், ஏ.சி. பர்னெல் ஆகிய இருவர். பர்னெல் தஞ்சாவூரில் நீதிபதியாகப் பணியாற்றியவர். தென்னிந்திய மொழிகளையும் எழுத்துகளையும் ஆராய்ந்தவர். வில்லியம் குரூக் திருத்திய இரண்டாம் பதிப்பு 1903இல் வந்தது. ஆற்றின் குறுக்கே எழுப்பப்பட்டு, அதிலிருந்து பிரியும் கால்வாய்களுக்கு நீரை நிரப்பி ஒழுங்குசெய்யும் கட்டுமானம் என இவ்வகராதி ‘அனிகட்’டை விளக்குகிறது, அது தமிழ்த்தொகை என்றும் ஐயமின்றிக் குறிக்கிறது.

அவ்வகராதி தரும் பழைய மேற்கோள்கள் காவிரிப் பகுதியைச் சார்ந்தவை. 1776ஆம் ஆண்டுக் கடிதம் ஒன்று, தஞ்சை அரசர் கரை பழுதுபார்ப்பைக் காணச் செல்வது தொடர்பாக இச்சொல்லை ஆள்கிறது. 1784ஆம் ஆண்டு ஆவணம், தஞ்சை நாட்டின் வேளாண்மை இக்கட்டுமானத்தையும் கரைகளையும் பழுதின்றிக் காப்பதைப் பொறுத்தது என்னும் கருத்தைக் கூறுமிடத்தில் இதனை ஆள்கிறது. தெலுங்கில் ‘ஆனகட்ட’, கன்னடத்தில் ‘அணெகட்டு’ என இனச்சொற்கள் இருப்பினும், இத்தொடக்கச் சான்றுகள் தஞ்சைப் பகுதியைச் சார்ந்திருப்பதால், ஆங்கிலம் இதனைத் தமிழிலிருந்தே பெற்றது என்பது வலுப்பெறுகிறது.

ஒலித்திரிபு

1776ஆம் ஆண்டுக் கடிதத்தில் இரண்டாம் அசையின் உயிர் ‘ஏ’ என்னும் ஆங்கில எழுத்தால் குறிக்கப்படுகிறது. 1784இல் அது ‘ஐ’ எழுத்தாக மாறி, பின்னர் அதுவே நிலைபெறுகிறது. இத்தடுமாற்றத்தை எழுதியவரின் பிழையாகக் கொள்ள வேண்டியதில்லை. சொல்லிடையில் வரும் ஐகாரம் தன் மாத்திரையிற் குறைந்து ஒலிக்கும் என்பது தமிழிலக்கணம் கூறும் ஐகாரக்குறுக்கம். பேச்சுவழக்கில் ‘அணக்கட்டு’ என்றே இச்சொல் ஒலிக்கிறது. குறுகிய அவ்வுயிரைக் கேட்ட அயலார் அதனை இருவகையாக எழுதினர் எனக் கொள்வது பொருந்தும். அவ்வாறாயின், 18ஆம் நூற்றாண்டுக் காவிரிப் பகுதியின் பேச்சொலிக்கு அக்கடிதம் ஒரு மறைமுகச் சான்றாகிறது.

ஈற்றுக் குற்றியலுகரம் ஆங்கிலத்தில் கெட்டது. சுருட்டு ‘செரூட்’ என ஆனதிலும் இதே நிலையைக் காணலாம். ணகரமும் டகரமும் ஆங்கிலத்தின் நுனிநா ஒலிகளாயின. ககர இரட்டிப்பு மறைந்தது. ‘கட்’ என்னும் ஈற்றசைக்கு, ஆங்கிலத்தில் ‘வெட்டு’ எனப் பொருள்படும் சொல்லின் எழுத்துக்கூட்டே அமைந்தது. ஒடிசாவின் கட்டக் நகரப் பெயரை ஆங்கிலேயர் எழுதிய முறையும் இதுவே. இதனால் பிணித்தலைக் குறிக்கும் தமிழ்ச்சொல், ஆங்கிலம் மட்டுமே அறிந்தவர் கண்ணுக்கு வெட்டுதலைக் குறிக்கும் சொல்லாகத் தோன்றும் முரண் நேர்ந்தது. ‘கட்டு’ என்னும் அதே வேர் ‘கேட்டமரான்’ என்னும் சொல்லின் முதலிலும் ‘அனிகட்’டின் ஈற்றிலும் வேறுவேறு எழுத்துக்கூட்டில் மறைந்திருப்பது கருதத்தக்கது.

தொகையமைப்பு

‘ஹாப்சன்-ஜாப்சன்’ இத்தொகைக்கு ‘அணை கட்டுதல்’ என்னும் செயற்பொருள்பட விளக்கம் தருகிறது. இது மறு ஆய்வுக்குரியது. ‘அணையைக் கட்டுதல்’ எனக் கொண்டால் இது இரண்டாம் வேற்றுமைத் தொகையாகும். அத்தொகையில் வல்லினம் பொதுவாக மிகுவதில்லை. ‘அணை கட்டினான்’ என்றே வழங்குகிறோம். இச்சொல்லிலோ ககரம் மிக்கு வருகிறது. எனவே ‘அணையாகிய கட்டு’ என இருபெயரொட்டுப் பண்புத்தொகையாகவோ, ‘அணையினது கட்டு’ என ஆறாம் வேற்றுமைத் தொகையாகவோ கொள்ள வேண்டும். ‘அணைக்கட்டு உடைந்தது’, ‘அணைக்கட்டின்மேல் நீர் வழிகிறது’ என்னும் வழக்குகளில் சொல் பொருட்பெயராகவே நிற்பதால், இருபெயரொட்டே சிறப்புடையது. ஆங்கில எழுத்துக்கூட்டில் இரட்டிப்பு மறைந்தமையால், தொகையின் இயல்பை உணர்த்தும் இலக்கணச் சான்றும் உடன் மறைந்தது.

‘அணை’ என்பது சேர்தல், தழுவுதல் என்னும் பொருளுடைய வினையாகவும் நிற்கும். பழந்தமிழில் நீர்த்தடுப்பைக் குறித்த சொற்களுள் ஒன்று ‘சிறை’. தொல்காப்பியப் புறத்திணையியலில், பெருகிவரும் படையைத் தனித்து நின்று தாங்கும் வீரனுக்கு விரைந்துவரும் புனலைத் தாங்கும் கற்சிறை உவமையாகிறது. ‘சிறை’யில் மேலோங்குவது தடுத்தற்பொருள். ‘அணை’யில் மேலோங்குவது சார்த்துதற்பொருள். ஆற்றை முழுமையாக மறிக்காது, நீரை உயர்த்திக் கால்வாயோடு சேர்க்கும் கட்டுமானத்திற்குப் பின்னது இயைபுடைய பெயராக அமைந்தது.

பொருள் வளர்ச்சியின் மூன்று நிலைகள்

ஆங்கிலத்தில் இச்சொல்லின் பொருள் மூன்று நிலைகளில் வளர்ந்தது. முதல் நிலையில் அது ஏறக்குறைய சிறப்புப்பெயர். 18ஆம் நூற்றாண்டு ஆவணங்களில் சுட்டிடைச்சொல்லுடன் வரும் ‘அனிகட்’ காவிரிக் கட்டுமானத்தையே குறித்தது. பின்னர்ப் பிற கட்டுமானங்களிலிருந்து வேறுபடுத்தக் கல்லணைக்குப் ‘பெரிய’ என்னும் அடை சேர்க்கப்பட்டது. அடை தேவைப்பட்டதே சொல் பொதுப்பெயரானமைக்குச் சான்று.

இரண்டாம் நிலை ஆர்தர் காட்டனின் பணியோடு தொடர்புடையது. கொள்ளிடத்தில் மேலணையும் கீழணையும் 1836இல் அமைந்தன. கோதாவரியில் தவளேசுவரம் அணைக்கட்டு 1847இல் தொடங்கி 1852இல் முடிந்தது. இவற்றின் வழியே இச்சொல் தமிழ்நிலத்திற்கு அப்பாலும் பரவிப் பொறியியற் பொதுப்பெயராயிற்று.

மூன்றாம் நிலையில் அது வரையறுத்த கலைச்சொல். ஆற்றின் குறுக்கே அமைந்த தாழ்ந்த திண்சுவர், மிகுநீர் அதன்மேல் வழிந்தோடுதல், நீர்மட்டம் உயர்ந்து பக்கக் கால்வாய்களில் பாய்தல் ஆகிய மூன்றும் சேர்ந்ததே ‘அனிகட்’. இதே பொருளில் ஆங்கிலத்திற்கு ‘வியர்’ என்னும் பழஞ்சொல் உண்டு. தடுத்தல், காத்தல் என்னும் பொருளுடைய பழைய ஆங்கில வினையடியாகப் பிறந்தது அது. தம் மொழியில் சொல் இருந்தும் ஆங்கிலேயப் பொறியாளர் தமிழ்ச்சொல்லை ஆண்டனர். இங்கு ஏற்கெனவே நிலவிய கட்டுமான மரபை அவர்கள் தனித்ததாகக் கண்டனர் என்பதற்கு இது மொழிவழிச் சான்று. பின்னர் ‘வியர்’, ‘பராஜ்’ ஆகியவை பாடநூல்களில் இடம்பெற, ‘அனிகட்’ பழைய கட்டுமானங்களின் பெயர்களோடு ஒட்டிய சொல்லாகச் சுருங்கியது.

தாமிரபரணிச் சான்றுகள்

மூன்றாம் நிலைப் பொருளைத் தெளிவாக விளக்கும் களம் தாமிரபரணி. மேற்குத் தொடர்ச்சி மலையில் தோன்றி மன்னார் வளைகுடாவில் கலக்கும் இவ்வாற்றில் மேலிருந்து கீழாகக் கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர், ஸ்ரீவைகுண்டம் என எட்டு அணைக்கட்டுகள் உள்ளன. இவற்றிலிருந்து பதினொரு கால்வாய்கள் பிரிகின்றன. கோடைமேலழகியானில் வடகால், தென்கால்; மருதூரில் மேலக்கால், கீழக்கால்; ஸ்ரீவைகுண்டத்தில் வடகால், தென்கால் என மூன்று இடங்களில் இருபுறமும் கால்வாய்கள் உண்டு. அரியநாயகிபுரத்திலிருந்து கோடகன் கால்வாயும், பழவூரிலிருந்து பாளையங்கால்வாயும், சுத்தமல்லியிலிருந்து நெல்லைக் கால்வாயும் செல்கின்றன. நதியுண்ணி, கன்னடியன் கால்வாய்கள் தத்தம் அணைக்கட்டின் பெயரையே பெற்றுள்ளன. இவற்றின் பாசனப் பரப்பு ஏறத்தாழ 86,000 ஏக்கர். கார், பிசானம் என்னும் இரு நெற்பருவங்களும் இவற்றைச் சார்ந்தவை.

இவ்வெட்டனுள் ஸ்ரீவைகுண்டம் ஒன்றே ஆங்கிலேயர் ஆட்சியில், 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுந்தது. ஏனைய ஏழும் அதற்கு முற்பட்டவை. ஏ.ஜே. ஸ்டுவர்ட் 1879இல் வெளியிட்ட திருநெல்வேலி மாவட்டக் கையேடும், எச்.ஆர். பேட் 1917இல் வெளியிட்ட மாவட்ட விவரச்சுவடியும் பழையன, புதியது என்னும் வேறுபாடின்றி எட்டையும் ‘அனிகட்’ என்றே வழங்குகின்றன. புதிய கட்டுமானம் பழைய வரிசையின் இறுதி உறுப்பாகவே எண்ணப்பட்டது என்பது இதனால் புலனாகிறது.

பெயர்களும் நோக்கத்தக்கவை. ‘நதியுண்ணி’ என்பது நதியை உண்ணுவது எனப் பொருள்படும். ஆற்றுநீரைக் கால்வாய்க்குள் ஈர்க்கும் செயலை அப்பெயர் உணர்த்துகிறது. ‘கன்னடியன்’ என்னும் பெயரோடு, கன்னட மன்னன் ஒருவன் அளித்த பொருளால் வெட்டப்பட்ட கால்வாய் என்னும் கதைமரபு இணைந்துள்ளது. அதன் வரலாற்று உண்மை எவ்வாறாயினும், அணைக்கட்டின் பெயரும் கால்வாயின் பெயரும் ஒன்றே என்பது இங்குச் சிறப்பாகக் கருதத்தக்கது. மக்கள் வழக்கில் அணைக்கட்டு தனித்த பொருளன்று, கால்வாயின் தலைப்பகுதி.

அணையும் அணைக்கட்டும்

எட்டு அணைக்கட்டுகளுக்கும் மேலே, மலைப்பகுதியில் பாபநாசம் அணை 20ஆம் நூற்றாண்டில் எழுந்தது. துணையாறான மணிமுத்தாற்றின் அணையும் அந்நூற்றாண்டினதே. இவை நீரைத் தேக்குபவை. பாபநாசத்தின் முழு நீர்மட்டம் 143 அடி, மணிமுத்தாற்றின் முழு நீர்மட்டம் 118 அடி என நாளிதழ்கள் அன்றாடம் ஒப்பிட்டு எழுதுகின்றன. மருதூருக்கோ சுத்தமல்லிக்கோ அத்தகைய கணக்குத் தேவைப்படுவதில்லை. அங்குக் கேட்கப்படுவது எவ்வளவு நீர் தேங்கியுள்ளது என்பதன்று. எக்காலில் எவ்வளவு நீர் செல்கிறது என்பதே.

ஆங்கில ஆவணங்களில் முன்னவை ‘டேம்’, பின்னவை ‘அனிகட்’. தற்காலத் தமிழிலோ இரண்டும் ‘அணை’ என்றோ ‘அணைக்கட்டு’ என்றோ வேறுபாடின்றி வழங்குகின்றன. இடையில் ‘தடுப்பணை’ என்னும் சொல்லும் புகுந்து, சிற்றோடைத் தடுப்பையும் பேராற்று அணைக்கட்டையும் ஒன்றாகக் காட்டுகிறது. தமிழ் அளித்த சொல்லால் ஆங்கிலம் காத்த வேறுபாட்டைத் தமிழ் இழந்துவருகிறது.

இது சொல்லளவில் நிற்கும் இழப்பன்று. 19ஆம் நூற்றாண்டு ஆவணத்தில் ‘மருதூர் அனிகட்’ எனக் காண்பதை ‘மருதூர் அணை’ எனப் பெயர்த்தால், அங்கு நீர்த்தேக்கம் இருந்ததாகப் படிப்பவர் கருதக்கூடும். தேக்கத்தில் நீர் அதனை ஆள்பவர் திறக்கும்போதே வெளியேறும். அணைக்கட்டில் கால்வாய் ஏற்றது போக எஞ்சிய நீர் கீழுள்ள அணைக்கட்டுக்கு வழிந்தோடும். எட்டு அணைக்கட்டுகளின் தொடர், இவ்வழிந்தோடும் நீரை நம்பியே அமைந்தது. மேற்கால், கீழ்க்கால் உழவர்களின் நீருரிமை பற்றிய பழைய பதிவுகளை விளங்கிக்கொள்ள இவ்வேறுபாடு இன்றியமையாதது.

சொல்லின் பிற்காலப் பயணம்

இலங்கையின் ஆங்கில நீர்ப்பாசன வழக்கில் ‘அனிகட்’ இன்றும் வாழ்கிறது. இராசத்தானில் சிற்றாறுகளின் குறுக்கே எழுப்பப்படும் தடுப்புகள் இந்தியில் ‘எனிகட்’ எனப்படுகின்றன. தமிழ்ச்சொல் ஒன்று ஆங்கிலத்தின் வழியே இந்தி வழக்கிற்குச் சென்றமைக்கு இது அரிய சான்று. தமிழகத்திலோ வேலூர் மாவட்டத்து அணைக்கட்டு என்னும் ஊரின் பெயர், ஆங்கிலத்தில் எழுதும்போது கலைச்சொல்லின் வடிவிலிருந்து வேறுபட்டு, தமிழ் ஐகாரத்தைக் காட்டும் எழுத்துக்கூட்டைப் பெறுகிறது.

முடிவுரை

1. ‘அனிகட்’ என்பது தமிழ் ‘அணைக்கட்டு’ என்பதன் திரிபு. அதன் பழைய எழுத்துக்கூட்டு ஐகாரக்குறுக்கம் பெற்ற பேச்சொலியைக் காட்டுகிறது.

2. வல்லின மிகுதி, இத்தொகையை ‘அணை கட்டுதல்’ எனக் கொள்வதற்கு இடந்தரவில்லை; ‘அணையாகிய கட்டு’ என்பதே ஏற்புடையது.

3. காவிரிக் கட்டுமானத்தின் பெயராகத் தொடங்கிப் பொதுப்பெயராய், பின் கலைச்சொல்லாய் அது வளர்ந்தது. தாமிரபரணியின் எட்டு அணைக்கட்டுகள் இறுதிப் பொருளுக்குத் தக்க சான்றுகள்.

4. ஆங்கில ஆவணங்களைத் தமிழாக்கும்போது ‘அனிகட்’ வருமிடத்தில் ‘அணைக்கட்டு’ என்பதையும், ‘டேம்’ வருமிடத்தில் ‘நீர்த்தேக்க அணை’ என்பதையும் வரையறையுடன் ஆளுதல் வேண்டும். புதிய கலைச்சொல் எதுவும் இதற்குத் தேவையில்லை. கடனாகச் சென்ற சொல்லை அதன் பழம்பொருளோடு மீட்டுக்கொள்வதே போதுமானது.