வாடகை வீடு வாழத் தகுதியற்றதாகும்போது காப்பீடு ஈடு செய்வது எது?

வீடொன்று வெள்ளத்திலோ தீயிலோ சிதையும்பொழுது நேரும் இழப்பு ஒன்றன்று, மூன்று. முதலாவது கட்டடத்தின் சேதம். இரண்டாவது உள்ளே இருந்த பாத்திரம், துணிமணி, கட்டில், தையல் எந்திரம், பிள்ளைகளின் புத்தகம் ஆகியவற்றின் அழிவு. மூன்றாவது, அன்றிரவு முதல் தங்குவதற்கு வேறோர் இடம் தேடுவதனால் ஏற்படும் செலவு. சொந்த வீட்டில் குடியிருப்போருக்கு இம்மூன்றும் ஒருவர் தலைமீதே விழுகின்றன. வாடகைக்குக் குடியிருப்போரைப் பொறுத்தவரையில் முதல் இழப்பு வீட்டுக்காரரைச் சார்ந்தது; மற்ற இரண்டும் குடியிருப்பவரைச் சார்ந்தவை. இந்தப் பிரிவினை புரியாததால்தான், ‘வீடே எனதில்லை, எனக்கு எதற்குக் காப்பீடு?’ என்று பலரும் கேட்கின்றனர்.

இக்கேள்வியை ஓர் ஊரில் வைத்து ஆராய்வது பயன் தரும். கேரளத்தின் தென்கோடியில், நெய்யாற்றின்கரைக்கும் பாறசாலைக்கும் அப்பால் மலையடிவாரத்தை நோக்கி அமைந்துள்ளது ஒற்றசேகரமங்கலம். தமிழ்நாட்டின் கன்னியாகுமரி மாவட்டம் சற்றுத் தொலைவில் தொடங்கிவிடுகிறது. தென்மேற்கு, வடகிழக்கு ஆகிய இரு பருவ மழைகளும் இப்பகுதிக்கு உண்டு. அணையின் மதகுகள் உயர்த்தப்படும் நாள்களில் நெய்யாற்றின் கரையோர மக்கள் விழிப்புடன் இருக்க வேண்டியுள்ளது. அண்டை ஊரான அம்பூரியில் 2001 நவம்பரில் நிகழ்ந்த நிலச்சரிவில் ஏறத்தாழ 40 பேர் மாண்டனர். 2017 நவம்பர் இறுதியில் ஒக்கி புயல் எல்லையின் இருபுறத்தையும் தாக்கியது. 2018 ஆகஸ்டில் கேரளம் முழுவதும் பெருவெள்ளத்தில் சிக்கியது. இத்தகைய சிற்றூர்களில் வாடகைக்குக் குடியிருப்போர் பெரும்பாலும் மாற்றலாகி வந்த ஆசிரியர், அலுவலர், சிறு கடை வைத்திருப்போர், கூலித் தொழிலாளர் ஆகியோரே. இடர் நேரும்பொழுது திரும்பிச் செல்ல அவர்களுக்கு அருகில் உறவினர் வீடு இருப்பதில்லை.

அரசின் உதவி யாருக்கு?

பேரிடர் நிவாரண நெறிகள் வீட்டுரிமையை மையமாகக் கொண்டு அமைந்தவை. 2022-23 முதல் 2025-26 வரையிலான காலத்துக்கு மைய அரசு வகுத்த நெறிகளின்படி, முற்றும் சேதமடைந்த வீடொன்றுக்குச் சமவெளியில் ரூ. 1,20,000, மலைப்பகுதியில் ரூ. 1,30,000 என உதவித்தொகை குறிக்கப்பட்டது. இது வீட்டைத் திரும்பக் கட்டுவதற்கான தொகை; எனவே உரிமையாளருக்குரியது. வீடு அடித்துச் செல்லப்பட்டாலோ, முற்றும் இடிந்தாலோ, இரு நாள்களுக்கு மேல் நீரில் மூழ்கிக் கிடந்தாலோ உடைக்காக ரூ. 2,500, பாத்திரம் முதலிய வீட்டுப் பொருள்களுக்காக ரூ. 2,500 வழங்க அந்நெறிகளில் இடமிருந்தது. வாடகைக் குடும்பம் எதிர்பார்க்கக் கூடியது ஏறக்குறைய இவ்வளவே. 2018 வெள்ளத்தின்போது கேரள அரசு பாதிக்கப்பட்ட குடும்பங்களுக்கு உடனடி உதவியாக ரூ. 10,000 அளித்தது, முற்றும் இடிந்த வீட்டுக்கு ரூ. 4 இலட்சம் அளித்தது. இவ்விரு தொகைகளுக்கும் இடையேயுள்ள தொலைவே வாடகைதாரரின் நிலையைக் காட்டும்.

மாற்று வீட்டின் வாடகையை அரசே ஏற்றதும் உண்டு. 2024 ஜூலை 30 அன்று வயநாட்டின் முண்டக்கை, சூரல்மலைப் பகுதிகளில் நிகழ்ந்த நிலச்சரிவுக்குப் பின், முகாமை விட்டு வாடகை வீடுகளுக்குச் சென்ற குடும்பங்களுக்கு மாதம் ரூ. 6,000 தரக் கேரள அரசு முடிவு செய்தது. நல்ல ஏற்பாடு, ஆயினும் அது ஒரு குறிப்பிட்ட பேரழிவுக்கெனப் பிறப்பித்த தனி ஆணையே. ஒற்றசேகரமங்கலத்தில் ஒரே ஒரு வீட்டின் சமையலறையில் எரிவாயு உருளை வெடித்தால் அதற்கெனத் தனி ஆணை பிறக்காது. அத்தகைய தனித்த விபத்துக்குத்தான் காப்பீடு தேவைப்படுகிறது.

காப்பீட்டில் என்ன உள்ளது?

அமெரிக்காவில் வாடகைதாரர்களுக்கெனவே தனிக் காப்பீடு நெடுங்காலமாக வழக்கில் உள்ளது. அதன் முக்கிய உறுப்பு, வீடு வாழத் தகுதியற்றதாகும்பொழுது வழக்கமான செலவுக்கு மேற்பட்டு நேரும் வாழ்க்கைச் செலவை ஈடு செய்வதாகும். விடுதி வாடகை மட்டுமன்று, சமையலறை இல்லாமையால் வெளியில் உண்பதற்கு ஆகும் மிகுதிச் செலவும் அதில் அடங்கும். ஆனால் வெள்ளமும் நிலநடுக்கமும் அங்குள்ள பொதுவான பாலிசியில் சேருவதில்லை; அவற்றுக்குத் தனிப் பாலிசி எடுத்தல் வேண்டும்.

நம் நாட்டின் வளர்ச்சி வேறு வழியில் நிகழ்ந்தது. 1973 ஜனவரி 1 முதல் பொதுக் காப்பீட்டுத் தொழில் நாட்டுடைமையானபின், வீடுகளுக்கான காப்பீடு தீக் காப்பீட்டின் கிளையாகவே இருந்துவந்தது. மாற்றுக் குடியிருப்புக்கு ஆகும் கூடுதல் வாடகை என்பது தனிப் பிரிமியம் செலுத்திப் பெற வேண்டிய இணைப்பாக இருந்தது. அப்படியொன்று உண்டென்பதே பலருக்குத் தெரியாது. 2021 ஏப்ரல் 1 முதல், காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையத்தின் உத்தரவுப்படி, இத்துறையிலுள்ள பொதுக் காப்பீட்டு நிறுவனங்கள் யாவும் ‘பாரத் கிருஹ ரக்ஷா’ என்னும் ஒரே வாசகம் கொண்ட பாலிசியை வழங்கக் கடமைப்பட்டன. தீ, இடி, வெடிப்பு, புயல், வெள்ளம், நிலநடுக்கம், நிலச்சரிவு, கலவரம் ஆகியவை அதில் அடங்கும். இத்தகைய நிகழ்ச்சியைத் தொடர்ந்து 7 நாள்களுக்குள் நேரும் திருட்டும் அடங்கும். வெள்ளம் இயல்பாகவே உள்ளடங்கியிருப்பது அமெரிக்க முறையினும் நமக்குச் சாதகமானது என்பதைக் குறிப்பிட வேண்டும்.

கட்டடத்துக்கு மட்டும், பொருள்களுக்கு மட்டும், அல்லது இரண்டுக்கும் சேர்த்து இப்பாலிசியை எடுக்கலாம். வாடகைதாரர் பொருள்களுக்கு மட்டும் எடுத்தால் போதும். இதில் ஒரு நுட்பம் உண்டு. கட்டடத்துக்குக் காப்பீடு செய்யும் உரிமையாளருக்கு, அத்தொகையில் 20 விழுக்காடு வரை, ரூ. 10 இலட்சத்துக்கு மிகாமல், வீட்டுப் பொருள்களுக்கும் காப்பு தானாகவே கிடைக்கிறது. வாடகைதாரருக்கு அத்தகைய தானியங்கிக் காப்பு இல்லை. பொருள்களின் மதிப்பை அவரே கணக்கிட்டு அறிவித்தல் வேண்டும். வீட்டுக்காரர் காப்பீடு செய்துள்ளார் என்ற நம்பிக்கையில் இருந்துவிடுவோர் பலர். அந்தப் பாலிசி வீட்டுக்காரரின் உடைமையைக் காப்பது. குடியிருப்பவரின் தையல் எந்திரம் அதில் சேராது. நகை முதலிய விலையுயர்ந்த பொருள்களைத் தனியே குறிப்பிட்டுச் சேர்க்க வேண்டும். ரொக்கப் பணம் பொதுப் பொருள்களுள் அடங்காது.

இனி, மாற்று வாடகை. வீடு வாழத் தகுதியற்றுப் போய், வாடகைதாரர் கூடுதல் வாடகை கொடுத்து வேறிடத்தில் தங்க நேர்ந்தால், இரு வாடகைகளுக்கும் இடையேயுள்ள வேறுபாட்டைப் பாலிசி ஈடு செய்கிறது. முழு வாடகையையும் தருவதில்லை. எடுத்துக்காட்டாக, ஒருவர் மாதம் ரூ. 5,000 வாடகையில் இருந்தார், வெள்ளத்துக்குப்பின் ரூ. 8,000 வாடகைக்கு வேறு வீடு பிடித்தார். பழைய வீட்டைப் பழுதுபார்க்க நான்கு மாதம் ஆயிற்று எனக் கொள்வோம். அவர் பெறத்தக்கது மாதம் ரூ. 3,000 வீதம் ரூ. 12,000. அதே வாடகைக்கோ குறைந்த வாடகைக்கோ வீடு கிடைத்துவிட்டால் இப்பிரிவின்கீழ் அவருக்கு ஒன்றும் கிடையாது. இழப்பை ஈடு செய்வது மட்டுமே காப்பீட்டின் நோக்கம் என்ற கோட்பாட்டின் விளைவு இது. பழுதுபார்க்கத் தேவையான நியாயமான காலத்துக்கே தொகை கிடைக்கும்; எவ்வாறாயினும் மூன்று ஆண்டுகளுக்கு மேற்படாது. வீடு வாழத் தகுதியற்றது என்பதற்குக் கட்டடக் கலைஞரிடமிருந்தோ உள்ளாட்சி அமைப்பிடமிருந்தோ சான்றிதழ் பெற்றுத் தர வேண்டும். கிராமப் பகுதியில் ஊராட்சி அலுவலகத்தையே நாட வேண்டியிருக்கும். வெள்ளம் வடிந்த வாரத்தில் அங்கு எத்தகைய நெரிசல் இருக்கும் என்பதை அலுவலர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. முதல் நாளிலேயே விண்ணப்பத்தைக் கொடுத்து ஒப்புகை பெறுவது அறிவுடைமை.

இப்பிரிவு கட்டடத்துக்கான காப்பினை ஒட்டியே அமைந்துள்ளது என்பது பலரும் கவனியாத செய்தி. உரிமையாளருக்குக் கட்டடக் கோரிக்கையும் வாடகைக் கோரிக்கையும் ஒன்றோடொன்று இணைந்து செல்லும். பொருள்களுக்கு மட்டும் பாலிசி எடுக்கும் வாடகைதாரருக்கு மாற்று வாடகைக் காப்பு உண்டா, எந்த நிபந்தனையில் உண்டு என்பதை, பிரிமியம் செலுத்துவதற்கு முன்பே நிறுவனத்திடம் எழுத்து வடிவில் கேட்டுப் பெற வேண்டும். முகவரின் வாய்மொழி உறுதி கோரிக்கையின்போது பயன்படாது. வாடகைதாரர்களே மிகுதியாக எடுக்கக்கூடிய பாலிசி வகையில் இப்பிரிவு தனித்து நிற்குமாறு வாசகத்தைத் திருத்துவது நலம் என்பது இக்கட்டுரையாளரின் கருத்து.

வாடகை ஒப்பந்தம் என்னாகும்?

காப்பீட்டைப் போலவே சட்ட நிலையையும் அறிந்திருத்தல் வேண்டும். 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டத்தின் 108-ஆம் பிரிவின்படி, தீ, புயல், வெள்ளம் போன்றவற்றால் சொத்தின் முக்கிய பகுதி முழுதும் அழிந்தாலோ, வாடகைக்கு விடப்பட்ட நோக்கத்துக்கு நிலையாகவும் பெருமளவிலும் தகுதியற்றதாகிவிட்டாலோ, குத்தகையை முடித்துக்கொள்ளும் விருப்புரிமை குடியிருப்பவருக்கு உண்டு. ‘நிலையாக’ என்ற சொல் கருதத்தக்கது. பத்து நாள் நீர் தேங்கிப் பின் வடிந்த வீடு இதில் அடங்காது. சேதம் குடியிருப்பவரின் தவற்றால் விளைந்ததாயின் இவ்வுரிமை இல்லை.

இது விருப்புரிமை என்பதால், அவர் வாளாவிருந்தால் குத்தகை தொடர்கிறது; வாடகைப் பொறுப்பும் தொடரலாம். கட்டடம் அழிந்தால் குத்தகையும் அழிந்துவிடுமா என்பதில் நீதிமன்றங்களிடையே கருத்து வேற்றுமை இருந்தது. கேரளத்திலிருந்து சென்ற கடை வழக்கொன்றில் (வண்ணத்தான்கண்டி இப்ராயி வழக்கு) உச்ச நீதிமன்றம், கட்டடத்தோடு குத்தகையும் முடிவுறும் எனக் கருதியது. 2014-இல் ஷாஹா ரதன்சி கீம்ஜி வழக்கில் மூன்று நீதிபதிகள் கொண்ட ஆயம் அக்கருத்தை ஏற்கவில்லை. நிலமும் குத்தகையில் அடங்குவதால், கட்டடம் போனாலும் குத்தகை உரிமை நிலைக்கும் எனத் தீர்ப்பளித்தது. குடியிருப்பவருக்கு இது ஆதரவான தீர்ப்பு. ஆனால் காப்பீட்டோடு இணைத்து நோக்கினால் அவர் எண்ணிப் பார்க்க வேண்டிய ஒன்றுண்டு. குத்தகையை முடித்து அறிவிப்புக் கொடுத்துவிட்டபின், திரும்பிச் செல்லும் எண்ணமில்லாத வீட்டின் பழுதுபார்ப்புக் காலத்துக்கு மாற்று வாடகை கேட்பது எளிதாயிராது. எனவே, வீடு சில மாதங்களில் சீராகும் எனில் ஒப்பந்தத்தைத் தக்கவைத்துக்கொண்டு, பழுதுபார்ப்புக் காலத்துக்கு வாடகை இல்லை என வீட்டுக்காரரிடம் எழுதி வாங்குவதே தக்க வழி.

2021-இல் மைய அமைச்சரவை ஒப்புதல் அளித்த மாதிரி வாடகைச் சட்டம் இதனைத் தெளிவாக்கியது. இயற்கை இடரால் வீடு வாழத் தகுதியற்றதானால், அது சீராகும் வரை வாடகை கேட்கலாகாது. சீராக்க இயலாதெனில், உரிய கழிவு போக முன்பணத்தை 15 நாள்களுக்குள் திருப்பித் தர வேண்டும் என்கிறது. ஆயினும் அது மாநிலங்கள் ஏற்பதற்கான மாதிரியே. கேரளத்தின் 1965-ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் அறிவிக்கப்பட்ட பகுதிகளுக்கே பொருந்துவது. எல்லைக்கு அப்பால், தமிழ்நாட்டில் 2019 பிப்ரவரி முதல் நடைமுறைக்கு வந்த சட்டம் எழுத்து ஒப்பந்தத்தை வலியுறுத்துகிறது. காப்பீட்டுப் பாலிசி எல்லையின் இருபுறமும் ஒன்றே. வாடகைச் சட்டம் வேறு வேறு. வாய்மொழி வாடகையில் இருப்பவர் ரூ. 5,000 கொடுத்து வந்தார் என்பதற்கே சான்று இல்லாதபொழுது, வேறுபாட்டைக் கணக்கிடுவது எங்ஙனம்? பதினொரு மாத ஒப்பந்தமாயினும் எழுத்தில் இருக்க வேண்டும். வாடகையை வங்கி வழியே செலுத்துவது இன்னும் நன்று.

காப்பீட்டில் அடங்காதவை

கூரை பல ஆண்டுகளாக ஒழுகி ஒரு நாள் சுவர் ஊறிச் சரிந்தால், அது தேய்மானமும் பராமரிப்பின்மையும் ஆகும், காப்பீடு ஏற்காது. அங்கு துணை வருவது மேற்சொன்ன 108-ஆம் பிரிவின் மற்றொரு பகுதி: வீட்டுக்காரர் செய்யக் கடமைப்பட்ட பழுதுபார்ப்பை அறிவிப்புக்குப் பின்னும் செய்யாவிடில், குடியிருப்பவர் தாமே செய்து செலவை வட்டியுடன் வாடகையில் கழித்துக்கொள்ளலாம். இழந்த முன்பணம் காப்பீட்டில் சேராது. வேலைக்குச் செல்ல இயலாத நாள்களின் கூலியும் சேராது.

தோட்ட நிறுவனங்களின் லயங்களில் வாழ்வோர் இக்கணக்கு எதிலும் அடங்காதவர்கள். 2020 ஆகஸ்ட் 6 இரவு இடுக்கி மாவட்டத்துப் பெட்டிமுடியில் நிலச்சரிவுக்கு இரையான 70 பேரும் அத்தகைய தமிழ்த் தொழிலாளர் குடும்பத்தினரே. அவர்கள் உரிமையாளரும் அல்லர். ஒப்பந்தமுள்ள வாடகைதாரரும் அல்லர். 1951-ஆம் ஆண்டுத் தோட்டத் தொழிலாளர் சட்டத்தில் 1981-இல் செய்யப்பட்ட திருத்தம், வீடு இடிந்து நேரும் விபத்துக்கு நிறுவனத்தைப் பொறுப்பாக்கியது. ஆனால் இயற்கைச் சீற்றத்தால் மட்டுமே நேர்ந்த இடிவை விலக்கியும் வைத்தது.

கோரிக்கை விடுக்கும் முறை

சேதம் நேர்ந்தவுடன் நிறுவனத்துக்குத் தெரிவித்து, மதிப்பீட்டாளர் வந்து பார்க்கும்வரை நனைந்த பொருள்களை எறிந்துவிடாமல் வைத்திருக்க வேண்டும். சுகாதாரக் காரணத்தால் அகற்ற நேர்ந்தால் முதலில் படம் எடுத்துக்கொள்ளலாம். புதிய வீட்டின் ஒப்பந்தம், வாடகை இரசீதுகள், பழைய ஒப்பந்தத்தின் படி, தகுதியின்மைச் சான்றிதழ் ஆகியவற்றை ஒன்றாகத் தொகுத்து வைத்தல் நலம். கோரிக்கை மறுக்கப்பட்டால் முதலில் நிறுவனத்திடமே எழுத்து மூலம் முறையிட வேண்டும். ஒரு மாதத்துக்குள் தக்க விடை கிட்டாவிடில் காப்பீட்டு முறைமன்ற நடுவரிடம் செல்லலாம். கேரளத்துக்குரிய அலுவலகம் கொச்சியிலும், கன்னியாகுமரி மாவட்டத்துக்குரியது சென்னையிலும் உள்ளன. அங்கு கட்டணமோ வழக்கறிஞரோ தேவையில்லை.