நகக்கண்ணைத் தோண்டாதே

அன்பு மகளுக்கு,

நண்டு விலை, சோளகக் காற்று, அம்மாவின் சீனி வருத்தம் எல்லாம் எழுதி முடித்து, கடைசி இரண்டு வரியில்தான் உன் கேள்வியை வைத்திருந்தாய். விடியக்காலையில் அம்மாவோடு வலையிலிருந்து நண்டு கழற்றிவிட்டு, பேசாலையில் பஸ் ஏறி மன்னாருக்கு வகுப்புக்குப் போகிறாய். மேசையில் கையை வைக்கக் கூச்சமாக இருக்கிறது. நகத்துக்குக் கீழே கறுப்பு. எத்தனை தரம் கழுவினாலும் மீன் வாடை. அதனால் இரவில் சட்டைப்பின்னாலும் ஈர்க்காலும் உட்பக்கத்தைச் சுரண்டுகிறாய். இப்போது இரண்டு விரலில் நகத்தின் வெள்ளைப் பகுதி உள்ளே ஏறிக்கொண்டு போகிறது, தொட்டால் கூசுகிறது. இன்னும் எப்படிச் சுத்தமாக்குவது என்று கேட்டிருக்கிறாய்.

இன்று இரவிலிருந்து சுரண்டுவதை நிறுத்து. உன் நகத்தைக் கெடுத்துக்கொண்டிருப்பது அந்தப் பின்தான். ஏன் என்று சொல்கிறேன், காரணம் விளங்கினால்தான் கை அடங்கும்.

உன் விரலைத் திருப்பி நுனியைப் பார். நகத்தட்டின் விளிம்பும் விரற்சதையும் சேருகிற இடத்தில் மெல்லிய தோல் ஒன்று ஒட்டியிருக்கும். அப்பா வள்ளத்தின் பலகைப் பொருத்துகளில் கலப்பற்று அடைப்பதைப் பார்த்திருக்கிறாய் அல்லவா? அந்தத் தோலுக்கும் அதே வேலைதான். தண்ணீரும் கிருமியும் நகத்துக்குக் கீழே உள்ள பிஞ்சுச் சதைக்குப் போகாமல் அது அடைத்து வைத்திருக்கிறது. நகத்தின் வேர்ப்பக்கத்தில் இருக்கும் சிறு தோல்விளிம்புக்கும் அதே காவல் வேலை. இரண்டையும் அழுக்கென்றோ வேண்டாத தோலென்றோ நினைத்துப் பிய்க்கக் கூடாது.

ஊசிமுனை உள்ளே போகும்போது அந்த ஒட்டு விடுகிறது. ஒட்டு விட்ட இடத்தில் நகத்துக்குக் கீழே காற்றுப் புகுந்து வெள்ளையாகத் தெரிகிறது. புதிதாக ஏற்பட்ட அந்த இடுக்கில் முன்பைவிட அதிகமாக மண்ணும் நண்டுச் சாறும் சேருகின்றன. கறுப்பைக் கண்டதும் நீ இன்னும் ஆழமாகச் சுரண்டுகிறாய், இடுக்கு இன்னும் உள்ளே நீளுகிறது. பள்ளிக்கூடத்தில் நகம் பார்த்த ரீச்சர்மார் வெள்ளை விளிம்பைக் கண்டால் சந்தோஷப்பட்டார்கள். அந்தப் பழக்கத்தில் வெள்ளையைச் சுத்தத்தின் அடையாளம் என்று எடுத்துக்கொண்டோம். உன் விரலில் கூடிக்கொண்டு போகிற வெள்ளை, நகம் சதையைவிட்டுக் கிளம்புவதன் அடையாளம்.

கிளம்பிய நகம் திரும்ப ஒட்டாது. வேரிலிருந்து புது நகம் சதையோடு ஒட்டியபடி வளர்ந்து வரவேண்டும். கைநகம் மாதத்துக்கு ஏறக்குறைய 3 மில்லிமீற்றர் வளரும், முழுதாக மாற ஆறு மாதம் செல்லும். அமெரிக்காவில் வில்லியம் பீன் என்ற மருத்துவர் தன் இடது கைப் பெருவிரல் நகத்தில் அரத்தால் கோடிட்டு, அது நுனிக்கு வரும் நாளை 35 வருடம் குறித்து வந்தார். 32 வயதில் அவருடைய நகம் நாளுக்கு 0.123 மில்லிமீற்றர் வளர்ந்தது. 67 வயதில் அது 0.095 ஆகக் குறைந்துவிட்டது. 1980 இல் அந்தக் கணக்கை வெளியிட்டார். உன் வயதில் நகம் விரைவாகத்தான் வளரும். ஆனாலும் மாதக்கணக்கில் பொறுக்க வேண்டும், ஒரு கிழமையில் பலன் தேடி மறுபடி ஊசியை எடுக்காதே.

ஊசிக்கு அடுத்த எதிரி ஈரம். நகம் தண்ணீரை உறிஞ்சி உப்பும், காய்ந்தால் சுருங்கும். ஒரு நாளில் இப்படிப் பல தடவை நடந்தால் நகத்தின் படைகள் பிரிந்து நுனி இரண்டாகக் கிழியும், ஓரத்தோல் ஊறி வலுவிழக்கும். உப்புத் தண்ணீரும் சோளகக் காற்றும் சேர்ந்தால் வெடிப்பு இன்னும் கெதியாக வரும்.

கை ஊறும் வேலை நம் கரைக்குப் பழையது. சிலாவத்துறை, அரிப்பு, மரிச்சுக்கட்டிப் பக்கம் முத்துக்குளிப்பு நடந்த காலத்தில், அள்ளி வந்த சிப்பிகளைப் பல நாள் அழுகவிட்டார்கள். பிறகு அவற்றை வள்ளங்களில் போட்டு, தண்ணீரில் கையால் அலசி முத்தெடுத்தார்கள். அலசுகிறவர்கள் முத்தை விழுங்கிவிடக் கூடாதென்று கையை வாய்ப்பக்கம் கொண்டுபோகவே விடமாட்டார்கள். 1905 இல் மட்டும் எட்டுக் கோடிக்கு மேற்பட்ட சிப்பிகள் எடுக்கப்பட்டன. முத்தின் கணக்கு வரலாறாகிவிட்டது. அழுகல் நீரில் நாள் முழுதும் ஊறிய அந்த விரல்களுக்கு என்ன காவல் இருந்திருக்கும்? உனக்குச் சவர்க்காரமும் கையுறையும் இருக்கின்றன. அவற்றைச் சரியாகப் பாவிக்கப் பழகு.

வேலைக்குப் போகுமுன் நகம் கட்டையாக இருக்கட்டும். குளித்தவுடன் நகம் இளகியிருக்கும்போது வெட்டினால் கிழியாது. வெள்ளை விளிம்பில் ஒரு மில்லிமீற்றர் விட்டு, நேராக வெட்டி, இரண்டு மூலையையும் சற்று வளைத்துவிடு. மூலையை ஆழமாக வெட்டினால் வளரும்போது நகம் சதைக்குள் குத்தும். கிளம்பிய இரண்டு நகத்தையும் ஒட்டியிருக்கும் இடம்வரை, சதை நோகாமல் எவ்வளவு கட்டையாக வெட்டலாமோ அவ்வளவு வெட்டு. இடுக்கு இல்லாவிட்டால் அழுக்குக்கு இடமில்லை. அரம் தேய்ப்பதானால் நகம் காய்ந்த பிறகு, ஒரே பக்கமாகத் தேய்.

வலையில் கை வைக்குமுன் நகநுனிகளுக்குக் கீழும் ஓரங்களிலும் கொஞ்சம் வாசலின் பூசு. நண்டுச் சாறும் சேறும் ஒட்டுவது குறையும். றப்பர் கையுறைக்கு உள்ளே மெல்லிய பருத்திக் கையுறை போட்டால் வியர்வையைப் பருத்தி உறிஞ்சிக்கொள்ளும். ஈரமான கையுறைக்குள் கையை விடாதே, அது வெறுங்கையைவிடக் கேடு. நண்டுக் கொடுக்கும் ஓட்டு முள்ளும் றப்பரைத் துளைக்கும், ஓட்டை விழுந்ததைத் தைரியமாக எறி.

திரும்பி வந்ததும் சுடாத இளஞ்சூட்டுத் தண்ணீரும் சவர்க்காரமும் போதும். மெதுவான பழைய பல் பிரஷ் ஒன்றைக் கைக்கென்று வைத்துக்கொள். மயிரை நகத்துக்குக் கீழே குத்தாமல், விரலிலிருந்து வெளிப்பக்கமாக விளிம்பைத் தடவி எடு. அப்படியும் வராத கறுப்பை விட்டுவிடு. அடுத்த குளியலில் ஊறி அதுவாக வரும். பிறகு துவாயால் விரலிடுக்கும் நக ஓரமும் காயும்வரை ஒற்றி எடு. துடைக்காமல் காற்றில் காயவிடுவதுதான் பலர் விடுகிற பிழை. கை காய்ந்ததும் ஒரு துளி தேங்காய் எண்ணெயை ஓரத்தோலில் தேய்த்துவிடு. இரவில் படுக்குமுன் இன்னொரு தரம்.

மீன் வாடைக்குக் காரணம் அமைன் என்ற வகைப் பொருட்கள். சவர்க்காரம் காரத் தன்மையுள்ளது, அதனால் இந்த வாடையை முழுதாக அடக்காது. புளிப்புப் பட்டால் அமைன் ஆவியாக முடியாத உப்பாக மாறும், பிறகு தண்ணீரில் போய்விடும். ஆகவே புளி கரைத்த தண்ணீரில் அல்லது தண்ணீர் சேர்த்த வினாகிரியில் கையை அலசிவிட்டுச் சவர்க்காரம் போடு. தேசிக்காயைப் பிழிந்து தேய்த்துவிட்டு வெயிலில் போகாதே. அதன் சாறு பட்ட தோலில் வெயில் பட்டால் எரிந்து கொப்புளமும் கறுப்புத் தழும்பும் வரும். வெடிப்போ காயமோ இருந்தால் எந்தப் புளிப்பும் வேண்டாம்.

வகுப்புக்குப் போகுமுன் கியூட்டெக்ஸ் பூசி மறைக்கலாமா என்று நீ கேட்காவிட்டாலும் நினைத்திருப்பாய். கிளம்பிய நகத்தில் பூசாதே. அடியில் என்ன நடக்கிறதென்று உனக்கே தெரியாமற் போய்விடும், பூச்சைக் கழற்றும் அசற்றோன் நகத்தை இன்னும் வறளவைக்கும். நகம் தேறிய பிறகு ஒரு கல்யாணத்துக்குப் பூசினால் தவறில்லை. ஒட்டு நகமும் விளக்கொளியில் இறுகவைக்கும் ஜெல் பூச்சும் உன் வேலைக்கு ஒத்துவராது. நீண்ட செயற்கை நகம் வலையில் மாட்டினால் உன் சொந்த நகத்தையும் சேர்த்துக் கிளப்பும். ஜெல்லில் உள்ள அக்ரிலேற்றுகள் சிலருக்கு ஆயுள் முழுதும் போகாத ஒவ்வாமையைக் கொடுக்கும். அரைத்த மருதோன்றி இலை பாதுகாப்பானது. கறுப்பு மருதோன்றி என்று கோனில் விற்பதில் முடிச்சாயம் கலந்திருக்கலாம், தொடாதே.

நகம் கடிப்பதையும் ஓரத்தில் கிளம்பும் தோலைப் பல்லால் இழுப்பதையும் விட்டுவிடு. கிளம்பிய தோலைச் சுத்தமான சிறு கத்தரிக்கோலால் அடியோடு நறுக்கு. இழுத்தால் உயிர்த்தோலும் சேர்ந்து கிழியும், நகச்சுற்று பெரும்பாலும் அந்தக் கிழிசலில்தான் தொடங்குகிறது. நகச்சுற்று வந்தால் ஊரில் விரலைத் தேசிக்காய்க்குள் செருகிவிடச் சொல்வார்கள். செய்யாதே. தொடக்கத்தில், சிவந்து நோகும்போதே, இளஞ்சூட்டு உப்புத் தண்ணீரில் ஒரு நாளைக்கு மூன்று நான்கு தடவை கால் மணி நேரம் விரலை வைத்து, துடைத்துக் காயவிடு. சீழ் கட்டிவிட்டால் நீயே குத்தாமல் ஆஸ்பத்திரிக்குப் போ.

கடல் வேலை செய்கிற கைக்கு வேறு சில அடையாளங்களும் தெரிந்திருக்க வேண்டும். நண்டோ மீன் முள்ளோ குத்தி ஒரு கிழமைக்குள் விரல் ஊதாச் சிவப்பில், ஓரம் தெளிவாகத் தெரியும்படி வீங்கி எரிந்தால், அது மீனும் இறைச்சியும் கையாளுகிறவர்களுக்கு வரும் தொற்றாக இருக்கலாம். பெனிசிலினுக்கு அடங்கும், ஆனால் உன் வேலை என்னவென்று வைத்தியரிடம் சொன்னால்தான் அவருக்கு அது நினைவுக்கு வரும். வாரக்கணக்கில் ஆறாத சிறு கட்டி வந்தாலும் உன் வேலையைச் சொல்லி வைத்தியரிடம் காட்டு. நகம் பச்சையாக மாறினால் ஈரத்தில் வளரும் கிருமி. மங்கிய மஞ்சளாகத் தடித்துப் பொடிந்தால் பூஞ்சையாக இருக்கலாம். ஒரே விரலில் புதிதாகக் கறுப்புக் கோடு விழுந்து அகன்றுகொண்டே போனால் தாமதிக்காமல் காட்டு. நம் நிறத்துக்காரரில் பல நகங்களில் ஒரே மாதிரிக் கோடு இருப்பது சாதாரணம், அதற்குப் பயப்படாதே.

எல்லாவற்றையும்விட அவசரம் ஒன்று உண்டு. கடல்நீர் பட்ட காயம் ஒரே நாளில் சிவந்து பரவி, கொப்புளம் எழும்பி, காய்ச்சலும் வந்தால் விடியும்வரை காத்திருக்கக் கூடாது. கடலில் வாழும் சில கிருமிகள் இரத்தத்தில் ஏறினால் சில மணி நேரமே அவகாசம் தரும். ஈரல் நோயும் சீனி வருத்தமும் உள்ளவர்களுக்கு ஆபத்து இன்னும் கூட. காயம் படும் வேலை என்பதால், ஏற்புவலி ஊசி கடைசியாக எப்போது போட்டாய் என்று கிளினிக் கொப்பியில் பார்.

சீனி வருத்தத்துக்கு ஆபத்துக் கூட என்பதால், இந்தக் கடிதத்தை உனக்கு எழுதினாலும் பாதி அம்மாவுக்குத்தான். சீனி வருத்தம் உள்ளவருக்குக் கையில் சின்னக் குத்தும் லேசில் ஆறாது, சில வேளை குத்தியதே தெரியாது. தான் வலைக்குள் வெறுங்கையை விடுவதை அவள் பெரிதாக எடுக்கமாட்டாள். கையுறை வாங்கும்போது இரண்டு சோடி வாங்கு. இரவில் உன் விரலுக்கு எண்ணெய் தேய்க்கும்போது அவள் விரல்களையும் விளக்கு வெளிச்சத்தில் ஒவ்வொன்றாகப் பார். முள் இருந்தால் நீயே தோண்டாமல் கிளினிக்கில் காட்டு.

ஆறு மாதம் கழித்து உன் நகத்தைப் பற்றி எழுது. அதற்குள் அந்தச் சட்டைப்பின்னைச் சட்டைக்கே குத்திவிடு.

அன்புடன்,
சின்னம்மா