பழத்துக்கு மனச்சாட்சி வேண்டாம்

சிரஞ்சீவி மருமானுக்கு மாமா அநேக ஆசீர்வாதம்.

நீ அனுப்பிய கையெழுத்துப் பிரதி வந்து சேர்ந்தது. மூன்று சந்திரர்கள் உதிக்கும் உன் உலகத்தைப் பற்றியும், அதன் வடகோடி மலையில் நூறாண்டுக்கு ஒருமுறை பழுக்கும் நீலக் கனியைப் பற்றியும், அதைத் தேடிப் புறப்படும் அண்ணன் தங்கையைப் பற்றியும் உன் தாயார் முன்னமே பெருமையாகச் சொல்லியிருந்தபடியால், சற்றே சந்தேகத்தோடுதான் படிக்கத் தொடங்கினேன். மலைப்பாதையை நீ வர்ணித்திருக்கும் இடத்துக்கு வந்தபோது அந்தச் சந்தேகம் தீர்ந்தது. உனக்கு எழுத வரும். முகஸ்துதியை இத்துடன் நிறுத்திக்கொண்டு, அந்தக் கனியைப் பற்றி மாத்திரம் சொல்லுகிறேன்.

அதை நல்லவன் உண்டால் நோய் தீர்கிறது, முதுமை விலகுகிறது, பறவைகளின் பாஷை விளங்குகிறது. துன்மந்திரி உண்டாலோ அதுவே விஷமாகி, அவன் அந்த க்ஷணமே சாம்பலாகிப் போகிறான். வரங்கள் மிகுதி என்பது சிறிய குறை. ஒன்றை வைத்துக்கொண்டு மற்றவற்றை அடித்துவிட்டால் போதும். பெரிய குறை அந்தச் சாம்பலில் இருக்கிறது. உண்பவன் யார் என்று ஆராய்ந்து பலன் தரும் பழம் நீதிபதியின் ஆசனத்தில் ஏறி உட்கார்ந்துவிடுகிறது. பழமே தீர்ப்புச் சொல்லிவிடுமானால், உன் கதையில் மனிதர்கள் தீர்மானிப்பதற்கு என்ன மிச்சம் இருக்கும்?

பௌத்த சூத்திரங்களைத் தேடி நம் பாரத தேசத்துக்கு வரும் ஒரு துறவியின் கதையாகிய ‘மேற்கு நோக்கிய பயணம்’ என்ற 16ஆம் நூற்றாண்டுச் சீன நாவலில், ஒரு மடத்துத் தோட்டத்து மரம் 3,000 ஆண்டுக்கு ஒருமுறை பூத்து, இன்னும் 3,000 ஆண்டில் காய்த்து, மேலும் 3,000 ஆண்டில் பழுக்கிறது. அவ்வளவு காத்திருந்தும் 30 பழங்களே கிடைக்கும். ஒன்றை முகர்ந்தவனுக்கு 360 ஆண்டு ஆயுள், தின்றவனுக்கு 47,000 ஆண்டு. எண்களைப் பெருக்கிக்கொண்டு போவது யாருக்கும் எளிது. நம்மை நம்பவைப்பது எண்கள் அல்ல, பொன் பட்டால் உதிரும், மரம் பட்டால் வாடும், நீரில் கரையும், நெருப்பில் கருகும், மண்ணில் விழுந்தால் மறைந்துபோகும் என்று அந்தப் பழத்துக்கு வகுத்திருக்கும் சுபாவந்தான். பொற்கோலோடு திருட வந்த வானரச் சீடன் இந்தக் கடைசி விதியை அறியாததால் முதற்பழம் மண்ணுக்குள் போய்விட, திருடியது நீதானே என்று அவ்விடத்துப் பூமி தேவதையை அழைத்து அதட்டுகிறான். அப்பால் அங்கியை ஏந்திப் பிடித்து மூன்று பழங்களைக் கொண்டுவருகிறான். பன்றி முகச் சீடனோ தன் பங்கை வாயில் போட்டதும் விழுங்கிவிட்டு, மெல்ல மென்று தின்னும் மற்றச் சீடர் இருவரையும் பார்த்து, அது என்ன ருசி என்று கேட்கிறான். 47,000 ஆண்டு அவனுக்கும் கிடைத்துவிட்டது. ருசி மாத்திரம் கிடைக்கவில்லை. திருடனுக்கும் பெருந்தீனிக்காரனுக்கும் பழம் தன் பலனைக் குறைக்கவில்லை என்பதைக் கவனி. அந்தப் பன்றி முகத்தான்மேல் எனக்குப் பிரியம் அதிகம். அவனைச் சாம்பலாக்கியிருந்தால் அந்த ஆசிரியரை நான் மன்னித்திருக்க மாட்டேன்.

இதனினும் கடுமையாக இந்த நியாயத்தைக் கையாண்டவர் சி. எஸ். லூயிஸ். நார்னியா என்னும் கற்பனை உலகம் தோன்றிய வரலாற்றை அவர் சொல்லும் நூல் 1955இல் வெளிவந்தது. (அதில் வரும் தாய்மாமன் மகா சுயநலக்காரன், அவனை வைத்து என்னை எடைபோடாதே.) மலையுச்சித் தோட்டத்து வெள்ளி ஆப்பிளைப் பிறர்பொருட்டு மட்டுமே பறிக்கலாம் என்பது வாயிற் கட்டளை. மதிலேறி வந்து தின்றுவிடும் சூனியக்காரி ஜேடிஸுக்கு அழியாத யௌவனமும் பலமும் தவறாமல் சித்திக்கின்றன. ஆனால் தீய நெஞ்சுடையவளுக்கு நெடிய ஆயுள் நெடிய துயரமாகவே முடிகிறது. அன்று முதல் அந்தப் பழத்தின் வாசனையே அவளுக்குச் சகிக்கவில்லை. சிறுவன் டிகரியின் சோதனை இன்னும் கொடியது. வீட்டில் தாய் மரணப் படுக்கையில் கிடக்க, கையில் பழம் இருக்க, அதைத் திருடிக்கொண்டு போய்க் கொடு என்று ஜேடிஸ் போதிக்கிறாள். அவன் அழுதுகொண்டே, தன்னை அனுப்பிய சிங்கமாகிய அஸ்லானிடம் அதை ஒப்படைக்கிறான். திருடியிருந்தாலும் தாய் பிழைத்திருப்பாள் என்று அஸ்லானே ஒப்புக்கொள்கிறது. ஆனால் இருவரும் அந்த நாளை எண்ணி, அந்த நோயிலேயே போயிருக்கலாமே என்று வருந்தும் காலம் வந்திருக்கும் என்கிறது. பின்பு அந்தப் பழத்தை நட்டு முளைத்த மரத்திலிருந்து ஒன்றை அஸ்லான் தானே கொடுத்தனுப்ப, தாய் எழுந்துவிடுகிறாள். லூயிஸ் 1908இல், ஒன்பது வயதில், தம் தாயைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்தவர். பழம் பொய்த்தது என்று எழுதுவதற்கு அவரைவிட உரிமை உள்ளவர் யார்? அவர் அப்படி எழுதவில்லை.

நம் அதியமான் நெடுமான் அஞ்சி, அரிதிற் பெற்ற நெல்லிக்கனியின் பெருமையை வெளியிடாமல் ஔவைக்கு அளித்தானே, அவன் தானே உண்டிருந்தாலும் அது பலித்துத்தான் இருக்கும். தடுப்பார் ஒருவரும் இல்லாதபோது கொடுத்ததனால் அன்றோ அது கொடையாயிற்று!

ஆகவே உன் மந்திரியைப் பிழைக்கவிடு. பழத்தைத் தின்று, நோய் நீங்கி, திடகாத்திரனாக அவன் அரசாளட்டும்; அப்படி ஆளுவதால் அவனுக்கும் குடிகளுக்கும் என்ன ஆகிறது என்பதை எழுதுவதற்கு நீ இன்னும் நாற்பது பக்கமாவது பிரயாசைப்பட வேண்டியிருக்கும், பட்டால்தான் கதை. பழம் எதனால் உதிரும், எதில் கெடும், எத்தனை நாள் தாங்கும் என்பவற்றைத் தனித்தாளில் எழுதி வைத்துக்கொண்டு, உனக்குச் சங்கடம் நேரும் இடத்திலும் அவற்றை மீறாதே. தங்கை பழத்தை அண்ணனுக்குக் கொடுப்பாளா, தானே தின்பாளா என்று என்னைக் கேட்டிருக்கிறாய். அதை நான் சொல்லப்போவதில்லை. ஆனால் அவள் தின்றுவிட்டால் அதற்காக நீ அவளைத் தண்டிக்கக் கூடாது என்பது மாத்திரம் என் நிபந்தனை.

திருத்திய பிரதியை மார்கழிக்குள் அனுப்பு. தாளின் இரு பக்கமும் எழுதாதே. என் கண்ணுக்கு மறுபக்கத்து மையும் சேர்ந்தே தெரிகிறது.

இப்படிக்கு,
உன் மாமா