கமோகியும் தலைமைப் பண்பும்

ஒவ்வொரு நாட்டாருக்கும் தமக்கே உரிய விளையாட்டுகள் உண்டு. அயர்லாந்து நாட்டார் தொன்றுதொட்டு ஆடிவரும் ஆட்டம் ஹர்லிங் என்பது. முனை வளைந்து அகன்ற மரக்கோலால் சிறு பந்தினை அடித்து, எதிர்ப்பக்கத்து இலக்கினுள் செலுத்துதலே அவ்வாட்டமாகும். பந்தினை நிலத்தில் மட்டுமன்றி வானிலும் அடித்தாடுவர். ஆதலால் இது மிக்க விரைவுடையது. இதனை மகளிர் ஆடும் வகைக்குக் கமோகி என்று பெயர். ஆடவர் கோலைக் கமான் என்பர். மகளிர்க்கெனச் சிறிது குறுக்கிச் செய்த கோலைக் கமோக் என்பர். அக்கோலின் பெயரே ஆட்டத்திற்கும் ஆகிவந்தது.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அயர்லாந்து ஆங்கிலேயர் ஆட்சியின் கீழ் இருந்தது. தாய்மொழியாகிய ஐரிஷ் மொழியும் நாட்டு வழக்கங்களும் அழிந்தொழியாவண்ணம் காத்தற்பொருட்டு, 1893-ஆம் ஆண்டில் கேலிக் சங்கம் தோன்றியது. அச்சங்கத்தில் மொழி பயின்ற மங்கையர் சிலர், “மொழியைப் போலவே ஆட்டமும் எமக்கு உரியதன்றோ?” என்று எண்ணினர், கோலைக் கையில் எடுத்தனர். 1904-ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் நாவன் என்னும் ஊரில் மக்கள் காண முதல் ஆட்டம் நிகழ்ந்தது. அதில் வென்ற அணிக்குத் தலைமை தாங்கியவர் மாய்ரா நீ கின்னேட என்னும் அம்மையார்.

மறு ஆண்டே கமோகிச் சங்கம் நிறுவப்பெற்றது. அவ்வம்மையாரே அதன் முதல் தலைவரானார். அவர் ஆட்டத்தில் மட்டும் வல்லவரல்லர்; தாய்மொழிப் புலமையும் நிரம்பியவர். பெய்க் சேயர்ஸ் என்னும் சிற்றூர்ப் பெண்மணியின் தன்வரலாற்றைப் பதிப்பித்து 1936-இல் நூலாக வெளிவரச் செய்தவரும் அவரே.

ஒரு நாடு முழுவதற்குமான சங்கத்தை நடத்துதல் எளிய செயலன்று. விதிகளை வகுத்தல், நடுவரைப் பயிற்றுதல், மாவட்டந்தோறும் அணிகளைத் திரட்டுதல் ஆகிய பணிகள் பல. 1932-ஆம் ஆண்டில் அனைத்து அயர்லாந்துப் போட்டி தொடங்கிற்று. ஷான் ஓ டஃபி என்பார் வழங்கிய கோப்பை அதன் பரிசாயிற்று. நெடுங்காலம் பக்கத்திற்குப் பன்னிருவராய் ஆடிய மகளிர், 1999-ஆம் ஆண்டு முதல் ஆடவரைப் போலவே பதினைவராய் ஆடலாயினர்.

எனினும், தலைமைக்குப் பெருஞ்சோதனை ஓர் உடையினால் வந்தது. தொடக்க நாளில் நிலத்தளவு நீண்ட பாவாடை அணிந்தே மகளிர் ஆடினர். காலப்போக்கில் அது குறுகி, பாவாடை போலத் தோன்றும் ஸ்கார்ட் என்னும் உடையாயிற்று. அதனையே அணிதல் வேண்டும் என்பது விதி. அவ்வுடை ஆட்டத்திற்கு இடையூறாய் உள்ளதெனவும், அரைக்காற்சட்டை அணியவும் உரிமை வேண்டும் எனவும் ஆட்டக்காரர் பலர் முறையிட்டனர். ஆயின் 2024-ஆம் ஆண்டுப் பேரவையில் அதற்கான தீர்மானங்கள் தோல்வியுற்றன.

2025-ஆம் ஆண்டு மே 3-ஆம் நாள், டப்ளின், கில்கென்னி ஆகிய இரண்டு அணியினரும் அரைக்காற்சட்டையுடனே களம் புகுந்தனர். விதிப்படி உடை மாற்றினாலன்றி ஆட்டம் நடவாது என்றார் நடுவர். அவர்கள் வருத்தத்துடன் உடை மாற்றி வந்து ஆடினர். அச்செய்தி நாடெங்கும் பரவியது. அதன்பின் பிரையன் மொலோய் தலைமையில் இருந்த சங்கம், அடுத்த ஆண்டுப் பேரவை வரும்வரை காத்திராது, மே 22-ஆம் நாள் சிறப்புப் பேரவையைக் கூட்டியது. வந்திருந்த சார்பாளருள் நூற்றுக்குத் தொண்ணூற்றெண்மர், இரண்டு உடைகளுள் விரும்பியதை அணியலாம் என்று வாக்களித்தனர். ஓராண்டிற்கு முன் தோற்ற கருத்து இவ்வாறு வென்றது.

மாணவர்களே! இதனால் நாம் அறியத்தக்கது யாது? நடுவர் விதியைக் காத்தார். அது அவர் கடமை. ஆட்டக்காரர் குறையை அஞ்சாது வெளிப்படுத்தினர். ஆயினும் ஆட்டத்தைக் கைவிட்டாரல்லர். சங்கமோ, தான் முன்பு செய்த முடிவே சிறந்ததென்று பிடிவாதம் கொள்ளாது, முறைப்படி அவை கூட்டி அதனை மாற்றியது. விதியின்றேல் சங்கம் நிலையாது. விதிக்கு உட்பட்டோரின் குரலைக் கேளாவிடின், அவ்விதி நிலையாது. இவ்விரண்டையும் ஒருங்கே காப்பவரே நல்ல தலைவராவர்.