நம் வசம் உள்ளது

முயற்சி நம் வசம் உள்ளது. பலனோ பல காரணங்கள் கூடி அமைவது. ஈட்டி எறியும் வீரர் தேவேந்திர ஜஜாரியாவின் வாழ்க்கை இவ்வுண்மையைத் தெளிவுற உணர்த்துகிறது.

1981-இல் ராஜஸ்தான் மாநிலம் சூரு மாவட்டத்தில் பிறந்த அவர், எட்டு வயதில் மரம் ஏறியபோது மின்கம்பி தீண்டி இடக்கையை இழந்தார். வலக்கையால் ஈட்டி எறியப் பழகினார். 2004-இல் ஏதென்ஸ் பாராலிம்பிக் போட்டியில் 62.15 மீட்டர் எறிந்து, உலக சாதனையுடன் தங்கம் வென்றார்.

அதன்பின் வந்ததே கடினமான சோதனை. அவருக்குரிய ஈட்டி எறிதல் பிரிவு 2008 பெய்ஜிங் போட்டியிலும் 2012 லண்டன் போட்டியிலும் சேர்க்கப்படவில்லை. களமே இல்லாதபோது பயிற்சி எதற்கு என்று சோர்வது மனித இயல்பு. ஆயினும் அவர் ஈட்டியைக் கைவிடவில்லை. 2013-இல் பிரான்சின் லியோன் நகரில் உலகப் பட்டம் வென்றார். 2016-இல் ரியோவில் 63.97 மீட்டர் எறிந்து, புதிய உலக சாதனையுடன் மீண்டும் தங்கம் பெற்றார். இரு தங்கங்களுக்கும் இடையே பன்னிரண்டு ஆண்டுகள்!

2021-இல் நடைபெற்ற டோக்கியோ போட்டியில், நாற்பதாவது வயதில், அவர் எறிந்த தூரம் 64.35 மீட்டர். தங்கம் தந்த இரண்டு எறிதல்களையும் விஞ்சியது அது. எனினும் இலங்கை வீரர் தினேஷ் பிரியந்த ஹேரத் 67.79 மீட்டர் எறிந்தமையால் ஜஜாரியாவுக்குக் கிடைத்தது வெள்ளி.

பதக்கத்தின் நிறத்தைப் பிறரது ஆற்றலும் நிர்ணயிக்கிறது. தம் பங்கை அவர் முன்னினும் சிறப்பாகவே செய்தார். பலன் கண்ணுக்குத் தெரியாத நாட்களிலும் கடமையைக் குறைவின்றிச் செய்பவன், வாய்ப்பு வரும் நாளில் ஆயத்தமாக நிற்பான்.