பெரிய சிவிங்கிப்புலி வேகமாக ஓடியிருக்குமா?

மாணவர்களே, சிறுத்தை வேறு, சிவிங்கிப்புலி வேறு. கண்ணின் ஓரத்திலிருந்து வாய்வரை கண்ணீர் வழிந்ததுபோல் கறுப்புக் கோடு இருந்தால் அது சிவிங்கிப்புலி. தரையில் மிக விரைவாக ஓடும் விலங்கு இதுவே. காட்டில் வேட்டையாடும்போது இதன் வேகம் மணிக்கு 93 கிலோமீட்டர்வரை பதிவாகியுள்ளது.

இதற்கு அழிந்துபோன உறவினம் ஒன்று உண்டு. 1828இல் பிரான்சில் கிடைத்த புதைபடிவங்களைக் கொண்டு அது முதன்முதலில் விவரிக்கப்பட்டது. இன்று அதன் அறிவியல் பெயர் அசினோனிக்ஸ் பார்டினென்சிஸ். இத்தாலி, ஜார்ஜியா, சீனா ஆகிய நாடுகளிலும் அதன் எலும்புகள் கிடைத்துள்ளன. இக்காலச் சிவிங்கிப்புலியைப் போலவே அதற்கும் நீண்ட, மெலிந்த கால்கள். ஆனால் உருவத்தில் அது மிகப் பெரியது.

கால் நீளமென்றால் வேகமும் கூடுதலா? அவசரப்பட வேண்டாம். கணக்கிட்டுப் பார்ப்போம்.

45 கிலோகிராம் எடையுள்ள ஒரு சிவிங்கிப்புலியை எடுத்துக்கொள்வோம். வடிவம் மாறாமல் அதன் நீளம், அகலம், உயரம் மூன்றும் 1.25 மடங்காகின்றன.

எடை கன அளவைப் பொறுத்தது: 1.25 × 1.25 × 1.25 = 1.95 மடங்கு. அதாவது ஏறக்குறைய 88 கிலோகிராம்.

எலும்பின் வலிமை அதன் குறுக்குவெட்டுப் பரப்பைப் பொறுத்தது: 1.25 × 1.25 = 1.56 மடங்கு மட்டுமே.

சுமை இரட்டிப்பாகிறது, தாங்கும் பரப்போ அந்த அளவுக்குக் கூடவில்லை. ஒவ்வொரு சதுர சென்டிமீட்டர் எலும்பும் 25 விழுக்காடு கூடுதல் சுமையைத் தாங்க வேண்டும். நீண்ட காலால் எட்டி வைக்கலாம். ஆனால் கனத்த உடலை முடுக்கவும், சட்டென்று திருப்பவும், நிறுத்தவும் கூடுதல் விசை தேவை. ஆகவே, பெரியது என்பதால் மட்டும் வேகமானது என்று முடிவுகட்ட முடியாது.

வேட்டை முறையும் அப்படித்தான். இக்காலச் சிவிங்கிப்புலியின் கோரைப்பற்கள் சிறியவை. இரையின் தொண்டையைக் கவ்வி, மூச்சுத் திணறும்வரை அது பிடித்திருக்கும். பழைய இனமும் இப்படியே வேட்டையாடியது என்றுதான் எண்ணத் தோன்றும். ஆனால் இத்தாலியின் பந்தல்லா என்னுமிடத்தில் கிடைத்த மண்டையோட்டைப் பற்றி 2014இல் வெளியான ஆய்வு வேறு படத்தைக் காட்டியது. அந்த மண்டையோட்டில் சிவிங்கிப்புலியின் கூறுகளோடு சிறுத்தை, சிங்கம் போன்ற பெரும்பூனைகளின் கூறுகளும் கலந்திருந்தன. இரையைக் கொல்லும் முறையிலும் அது பெரும்பூனைகளை ஒத்திருக்கலாம் என ஆய்வாளர்கள் கருதினர்.

உறவினர் என்பதால் வாழ்க்கை முறையும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. பெயரைப் பார்த்து ஊகிப்பது எளிது. எலும்பை அளந்து சோதிப்பதே அறிவியல்.

நீங்களே செய்து பாருங்கள்: ஒரு விலங்கு வடிவம் மாறாமல் எல்லாப் பக்கமும் 2 மடங்காக வளர்ந்தால், அதன் எடை எத்தனை மடங்காகும்? எலும்பின் குறுக்குவெட்டுப் பரப்பு? ஒரு சதுர சென்டிமீட்டர் தாங்கும் சுமை?

(விடை: 8 மடங்கு, 4 மடங்கு, 2 மடங்கு. யானையின் கால் மானின் காலைப்போல் மெலிந்திராததற்குக் காரணம் இப்போது விளங்குகிறதா?)